வலையும் கண்ணும்: ‘மெஷ்’ என்னும் சொல்லுக்குரிய தமிழ் நிகரன்கள் – ஒரு மதிப்பீடு

1. முன்னுரை

மொழிபெயர்ப்பாளரை மிகுதியாக இடறச் செய்வன எளிய சொற்களே. அருஞ்சொல்லைக் கண்டவுடன் அவர் அகராதியை நாடுகிறார்; துறை வல்லுநரைக் கேட்கிறார். எளிய சொல்லைக் கண்டால் மனத்தில் முதலில் தோன்றும் நிகரனை எழுதிவிட்டு மேலே செல்கிறார். ‘மெஷ்’ என்னும் ஆங்கிலச் சொல் இவ்வகையைச் சார்ந்தது. ஓரசைச் சொல்லாகிய இது மீன்வலை, மாவுச் சல்லடை, பற்சக்கரம், மின்சுற்று, பொறியியற் கணக்கீடு, குடலிறக்க அறுவை, கணிப்பொறிப் பிணையம் ஆகிய ஒன்றோடொன்று தொடர்பற்ற துறைகளில் கலைச்சொல்லாக வழங்குகிறது.

இச்சொல்லைத் தமிழாக்குவோர் பெரும்பாலும் இரு வழிகளில் ஒன்றைக் கைக்கொள்கின்றனர். எல்லா இடத்தும் ‘வலை’ என எழுதுவது ஒன்று. ‘மெஷ்’ என ஒலிபெயர்த்துவிடுவது மற்றொன்று. இவ்விரு வழிகளும் எங்குப் பொருந்துகின்றன, எங்குப் பொருளைத் திரிக்கின்றன என்பதை மதிப்பிட்டு, ‘ஒரு மூலச்சொல்லுக்கு ஒரு நிகரன்’ என்னும் கலைச்சொல்லாக்க நெறி இச்சொல்லளவில் ஏன் நிலைபெறாது என்பதைக் காட்டுவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

2. மூலச்சொல்லின் பொருட்கூறுகள்

வலையொன்றில் மூன்று கூறுகள் உள்ளன: நூல்களுக்கு இடையிலுள்ள வெளி, அவ்வெளிகளைச் சூழ்ந்துள்ள நூற்பின்னல், நூலும் நூலும் ஒன்றையொன்று பற்றும் பிணைப்பு. ஆங்கிலம் இம்மூன்றையும் ‘மெஷ்’ என்னும் ஒரே சொல்லில் அடக்கிக்கொள்கிறது. மீன்வளத் துறையினர் ‘மெஷ்’ என்னும்போது வெளியைக் குறிக்கின்றனர். கட்டடத் துறையினர் கம்பிப் பின்னலைக் குறிக்கின்றனர். இயந்திரவியலார் பற்சக்கரத்தின் பற்கள் ஒன்றோடொன்று கவ்வுவதைக் குறிக்கின்றனர்.

இம்மூன்றையும் ஒரே சொல் தாங்குவது ஆங்கிலத்தின் வழக்கேயன்றி உலகப் பொதுமை அன்று. ஜெர்மன் மொழியில் இதற்கு இனமான ‘மாஷெ’ என்னும் சொல் வலையின் கண்ணையும் பின்னலாடையின் ஒரு வளையத்தையும் மின்சுற்றின் ஓர் அறையையும் குறிக்கும். பற்சக்கரங்கள் கவ்வுதலுக்கு அம்மொழியில் வேறு சொல் உண்டு. பொறியியற் கணக்கீட்டுக்குரிய பின்னலை அது ‘நெட்ஸ்’, அதாவது வலை, என்றே கூறும். பிரெஞ்சு மொழியின் ‘மாய்’ என்னும் சொல் வலையின் கண்ணையும் சங்கிலியின் வளையத்தையும் குறிக்கிறது. அதன் மூலமான ‘மாகுலா’ என்னும் இலத்தீன் சொல்லுக்குப் புள்ளி, வலைக்கண் என்னும் இரு பொருள்களும் இருந்தன. பற்சக்கரங்கள் கவ்வுதலைப் பிரெஞ்சும் தனிச்சொல்லாலேயே உணர்த்துகிறது. ஆங்கிலத்துக்கு நெருங்கிய மொழிகளே இவ்வாறு பகுத்துக்கொண்டிருக்கத் தமிழ் மட்டும் ஒரே நிகரனைத் தேடுவதற்குக் காரணம் இல்லை.

3. தமிழின் பகுப்பு

தமிழில் இப்பகுப்பு முன்னரே அமைந்துள்ளது. முழுப் பொருளுக்கு ‘வலை’ என்றும், அதன் ஒவ்வொரு வெளிக்கும் ‘கண்’ என்றும் பெயர். வலைக்கண், சல்லடைக்கண் என்பன இன்றும் வழக்கிலுள்ள தொடர்கள். தேங்காயின் கண், முரசின் கண், மதகின் கண், பாலத்தின் கண் எனப் பிற பொருள்களிலும் இச்சொல் விரிந்துள்ளது. இவற்றுள் வலைக்கண், மதகுக்கண், பாலக்கண் ஆகியவை ஒரு சட்டத்தால் சூழப்பட்டு ஒன்றைத் தன் வழியே செல்லவிடும் வெளி என்னும் கூற்றில் ஒன்றுபடுகின்றன. ஊசியின் துளையை ஆங்கிலம் கண் என்கிறது. தமிழ் அதனைக் காது என்கிறது. வலையின் துளைக்குத் தமிழ் கண் என உறுப்புப்பெயர் சூட்டுகிறது. ஆங்கிலம் அவ்வாறு செய்வதில்லை. ஒரே உருவகம் இரு மொழிகளிலும் வேறுவேறு இடங்களில் அமர்ந்திருப்பது ஒப்பீட்டாய்வுக்குரியது.

‘கண்’ என்பதோடு உறவுடையதாகக் கருதத்தக்க ‘கண்ணி’ என்னும் சொல்லும் நோக்கத்தக்கது. மலையாளத்தில் ‘கண்ணி’ சங்கிலியின் வளையத்தையும் வலையின் கண்ணையும் ஒருங்கே குறிக்கும். இவ்வகையில் அது பிரெஞ்சுச் சொல்லுக்கு மிக நெருக்கமானது. தமிழில் ‘கண்ணி’ சுருக்கு, சூடும் மாலை, ஈரடிச் செய்யுள் உறுப்பு, சங்கிலியின் வளையம் எனப் பல பொருள்களைத் தாங்கியதோடு, அண்மைக் காலத்தில் ‘கண்ணிவெடி’ என்னும் தொடராலும் பொதுமக்கள் மனத்தில் பதிந்துள்ளது. ஆகவே மலையாளத்தில் ‘கண்ணி’ ஆற்றும் பணியைத் தமிழில் ‘கண்’ என்பதே ஐயமின்றி ஆற்றவல்லது.

4. மீன்வலையும் சட்டமொழியும்

நிகரனைத் தேர்வதில் நேரும் பிழை சொல்நயத்தை மட்டும் பாதிப்பதன்று. பிழைப்பையும் பாதிக்கும் என்பதற்கு மீன்வளச் சட்டமொழி சான்றாகும். தமிழ்நாடு கடல் மீன்பிடிப்பு ஒழுங்குபடுத்தும் சட்டம் 1983ஆம் ஆண்டில் இயற்றப்பட்டது. இவ்வகைச் சட்டங்களும் அவற்றின் கீழ் அமையும் விதிகளும் வலையின் கண் அளவுக்குக் கீழெல்லை வகுப்பது உலகெங்கும் உள்ள நடைமுறை. முதிராத மீன்குஞ்சுகள் தப்பிச் செல்லவேண்டும் என்பதே அதன் கருத்து.

இங்கு ‘மெஷ் சைஸ்’ என்பதை ‘வலையின் அளவு’ என மொழிபெயர்த்தால் விதியின் பொருளே மாறிவிடும். வலையின் அளவு என்பது அதன் நீள அகலம். 40 மில்லிமீட்டர் அளவுள்ள வலை என்னும் தொடரைப் படிக்கும் மீனவர் அதனைப் பொருளற்றதாகக் கருதுவார். அல்லது தம் அனுபவத்தைக் கொண்டு உய்த்துணர்வார். சட்டம் உய்த்துணர்வுக்கு விடப்படலாகாது.

‘கண் அளவு’ என எழுதிவிட்டாலும் பணி முடிவதில்லை. கண்ணை அளக்க இரு முறைகள் உள்ளன. வலையை இழுத்துப் பிடித்து, எதிரெதிராக உள்ள இரு முடிச்சுகளுக்கு இடையே அளப்பது ஒரு முறை. அடுத்தடுத்த இரு முடிச்சுகளுக்கு இடையே, அதாவது கண்ணின் ஒரு பக்கத்தை மட்டும் அளப்பது மற்றொரு முறை. முதல் அளவு இரண்டாம் அளவைப்போல் ஏறத்தாழ இருமடங்கு. இழுத்தளந்த 40 மில்லிமீட்டர்க் கண்ணும் பக்கத்தால் அளந்த 20 மில்லிமீட்டர்க் கண்ணும் ஏறத்தாழ ஒன்றே. மூலத்தில் உள்ள ‘ஸ்ட்ரெச்டு’ என்னும் அடையை மிகையெனக் கருதி விட்டுவிடும் மொழிபெயர்ப்பாளர், சட்டத்துக்கு உட்பட்ட வலையைக் குற்றமுடையதாகவும் குற்றமுடையதைச் சட்டத்துக்கு உட்பட்டதாகவும் ஆக்கிவிட இடமுண்டு. ‘இழுத்தளந்த கண் அளவு’, ‘பக்க அளவு’ என இரண்டையும் வேறுபடுத்துதல் இன்றியமையாதது.

மேலும், சாய்சதுரக் கண்ணும் சதுரக் கண்ணும் ஒன்றல்ல. இழுவலை நீரில் இழுபடும்போது சாய்சதுரக் கண் நீளவாட்டில் இழுபட்டு ஒடுங்கிவிடும். சதுரக் கண் விரிந்தே நிற்கும். குஞ்சுகள் தப்புவதற்கு இவ்வேறுபாடு காரணமாகிறது. ‘ஸ்குவேர் மெஷ்’ என்பதைச் ‘சதுர வலை’ என்பவர் வலையின் வடிவத்தைச் சொல்கிறார். விதி பேசுவதோ கண்ணின் வடிவத்தைப் பற்றியது. ‘வலை’ பிடிபடுவதை நினைவூட்டும் சொல். ‘கண்’ தப்பிச் செல்வதை நினைவூட்டும் சொல். தப்பவிடுவதற்காகவே எழுதப்பட்ட விதியைப் பிடிப்பதற்குரிய சொல்லால் எழுதுவது முரணாகும்.

5. சல்லடையும் எண்ணும்

மீன்வலையில் எண் பெரிதானால் கண்ணும் பெரிதாகும். சல்லடையில் இது தலைகீழாகிறது. சல்லடைத் தொழிலில் ‘மெஷ்’ என்பது ஓர் அங்குல நீளத்தில் அமைந்த கண்களின் எண்ணிக்கை. 100 மெஷ் சல்லடையின் கண் ஏறத்தாழ 0.150 மில்லிமீட்டர், 200 மெஷ் சல்லடையின் கண் 0.075 மில்லிமீட்டர். எண் கூடக் கூடக் கண் சிறுக்கிறது. ஒரே ஆங்கிலச் சொல் ஒரு துறையில் வெளியின் அளவாகவும் மற்றொரு துறையில் வெளிகளின் தொகையாகவும் நிற்பதே இம்முரணுக்குக் காரணம்.

‘குறைந்தது 80 மெஷ்’ என்னும் தொடர் மூலத்தில் வருமாயின், கண் 0.180 மில்லிமீட்டருக்கு மிகாதிருக்கவேண்டும் என்பதே அதன் பொருள். இதனைக் ‘குறைந்தது 80 என்னும் கண் அளவு’ என மொழிபெயர்த்தால், கீழெல்லை மேலெல்லையாக மாறி, நுண்பொடி கேட்டவருக்குப் பரும்பொடி கிடைக்கும். கண் அளவை எண்ணிக்கையிலிருந்து நேரே கணக்கிடவும் இயலாது. ஓர் அங்குலம் 25.4 மில்லிமீட்டர் ஆதலின் 200 மெஷ் சல்லடையில் ஒரு கண்ணும் ஒரு கம்பியும் சேர்ந்து 0.127 மில்லிமீட்டர். அதில் கம்பியின் தடிப்பைக் கழித்த பின்னரே கண்ணின் அகலம் தெரியும். இச்சிக்கலைத் தவிர்க்கும் வகையில் இந்தியத் தர நிர்ணயமான ஐ.எஸ். 460 சல்லடைகளைக் கண்ணின் அகலத்தாலேயே குறிக்கிறது. மொழிபெயர்ப்பாளருக்கும் இதுவே பாதுகாப்பான வழி: எண்ணிக்கை வருமிடத்தில் ‘அங்குலத்துக்கு 80 கண்’ என விரித்தெழுதுதல், அகலம் வருமிடத்தில் ‘0.180 மில்லிமீட்டர்க் கண்’ என எழுதுதல். ‘80 மெஷ்’ என்னும் ஒலிபெயர்ப்பு அரவை ஆலையிலும் கடையிலும் பிழையின்றி வழங்கலாம். அங்குள்ளோர் சல்லடையைக் கையாண்டு பழகியவர்கள். அத்தொழிலை அறியாத வாசகருக்கு அது எத்திசையில் அளக்கிறது என்பதைக்கூட உணர்த்தாது.

சலித்தலில் பயனாவது எது என்பதும் எண்ணத்தக்கது. மீன்வலையில் தங்குவது பயன். நெய்யரியில் இறங்குவது பயன். நன்னூல் கடைமாணாக்கருக்கு உவமைகூறும் பொருள்களுள் நெய்யரியும் ஒன்று. உரைகாரர் இதனைப் பன்னாடை என விளக்குவர். நெய்யை விட்டுவிட்டு மாசைப் பற்றிக்கொள்வதே ஒப்புமை. கண் எதை விடுகிறது, எதைத் தடுக்கிறது என்னும் வினாவைத் தமிழ் மரபு நெடுங்காலமாக அறிந்திருக்கிறது என்பதற்கு இவ்வுவமை சான்றாகும்.

6. கண்ணில்லாத மெஷ்

பற்சக்கரங்களைப் பற்றிய நூல்களில் வரும் ‘மெஷ்’ என்பதில் வலையும் இல்லை, கண்ணும் இல்லை. ஒரு சக்கரத்தின் பல் மற்றதன் இடைவெளியில் புகுந்து கவ்வுவதே அங்குப் பொருள். ‘கான்ஸ்டன்ட் மெஷ்’ என்னும் பல்லிணைப் பெட்டியில் சக்கரங்கள் எப்போதும் கவ்விய நிலையிலேயே இருக்கும். வேகத்தைத் தேர்வது வேறோர் உறுப்பின் பணி. இதனை ‘மாறா வலை’ என எழுதுவது நகைப்புக்கிடமாகும். ‘இடையறாப் பல்லிணைவு’ எனின் பொருள் விளங்கும். கொள்கையும் நடைமுறையும் ஒத்துச் செல்வதை ஆங்கிலம் இதே வினையால் கூறும்போது தமிழுக்கு ‘இயைதல்’ என்னும் வினை உள்ளது.

மின்சுற்றியலில் நிலை வேறு. அங்கு ‘லூப்’, ‘மெஷ்’ என்னும் இரு கலைச்சொற்கள் உள்ளன. தொடங்கிய இடத்துக்கே திரும்பும் எந்தப் பாதையும் ‘லூப்’; தன்னுள் வேறொரு பாதையைக் கொள்ளாதது மட்டுமே ‘மெஷ்’. நான்கு கட்டங்களாகப் பிரிக்கப்பட்ட சன்னற் சட்டத்தை எடுத்துக்கொண்டால், அதில் மூடிய பாதைகள் 13, கண்கள் நான்கே. இரண்டையும் ‘சுற்று’ என்னும் ஒரே சொல்லால் எழுதும் பாடநூல், மாணவர் எத்தனைச் சமன்பாடுகள் எழுதவேண்டும் என்பதையே மறைத்துவிடுகிறது. ‘கண்’ என்னும் சொல் இங்குத் துல்லியமாகப் பொருந்துகிறது. சன்னலின் கண் எது என்று கேட்டால் குறுக்குக் கம்பியில்லாத ஒரு கட்டத்தையே எவரும் காட்டுவர்.

பொறியியற் கணக்கீட்டில் இச்சொல் மேலும் ஒரு திருப்பம் பெறுகிறது. 1960ஆம் ஆண்டில் ஆர்.டபிள்யூ. கிளஃப் பெயரிட்ட வரம்புறு கூறுமுறையில், ஒரு தூணையோ பாலத்தையோ சிறு சிறு கூறுகளாகப் பகுத்துக் கணக்கிடுவர். அப்பகுப்பின் முழு வடிவமே ‘மெஷ்’. மீன்வலையில் நூல் பொருள், கண் வெற்றிடம். இங்கோ கோடுகள் கற்பனை. அவை சூழ்ந்த கண்களே இரும்பும் கற்காரையுமாகிய பொருள். ‘துளை’, ‘இடைவெளி’ போன்ற நிகரன்கள் இங்கு முற்றிலும் தவறாகும். ‘கூற்றுப் பின்னல்’ என்பது பொருத்தமானது; அதனை நுண்மையாக்குதல் ‘பின்னலை நெருக்குதல்’ எனப்படலாம்.

கணிப்பொறிப் பிணையத்தில் எஞ்சியிருந்த கண்ணும் மறைந்துவிடுகிறது. ஒவ்வொரு கருவியும் பிற கருவிகள் அனைத்தோடும் நேரே இணைந்திருப்பது முழு ‘மெஷ்’. ஆறு கருவிகளுக்கு 15 இணைப்புகளும் பத்துக் கருவிகளுக்கு 45 இணைப்புகளும் வேண்டும். இணைப்பு மட்டுமே இங்குக் கருதப்படுகிறது. ‘வலை’ என்னும் சொல் வலைத்தளம், வலைப்பக்கம், வலைப்பூ எனும் தொடர்களால் ‘வெப்’ என்பதற்கு உரிமையாகிவிட்டது. ஆதலால் ‘மெஷ் நெட்வொர்க்’ என்பதை ‘வலை வலையமைப்பு’ என்பதினும் ‘பின்னற் பிணையம்’ என்பது தெளிவுடையது.

7. ‘வலை’ என்னும் சொல்லின் சுமை

நிகரனின் பொருள் சரியாக இருப்பினும் அதன் உணர்வுச்சாயல் பொருந்தாது போகலாம். தமிழில் வலை விரித்தல், வலையில் சிக்குதல், வலைவீசித் தேடுதல் என்பன யாவும் ஒருவரை அகப்படுத்தும் கருத்துடையன. பொய்களின் பின்னலைக் குறிக்கும் ஆங்கிலத் தொடருக்கு இதனாலேயே ‘வலை’ நன்கு பொருந்துகிறது. குடலிறக்க அறுவையில் நிலைமை மாறுகிறது. 1958ஆம் ஆண்டில் அமெரிக்க மருத்துவர் பிரான்சிஸ் அஷர் செயற்கை இழைப் பின்னலை அறுவைச் சீரமைப்பில் பயன்படுத்தியது குறித்து எழுதினார். இன்று அது பரவலான முறை. வலுவிழந்த தசைச்சுவரின்மேல் பின்னல் துணியைப் பொருத்தினால் அதன் கண்களின் வழியே உடலின் திசு வளர்ந்து அதனைத் தன்னோடு ஒன்றாக்கிக்கொள்கிறது. இங்குக் கண் எதையும் பிடிப்பதுமில்லை, வெளியேற்றுவதுமில்லை; வளர இடந்தருகிறது. ஒப்புதல் படிவத்தில் ‘வயிற்றினுள் வலை வைக்கப்படும்’ என எழுதுவதைக்காட்டிலும் ‘பின்னல் துணி பொருத்தப்படும்’ என எழுதினால் நோயாளி செய்யப்படுவதை அறிந்து ஒப்புக்கொள்ள இயலும்.

இதே மருத்துவத் துறையில் மற்றொரு ‘மெஷ்’ உண்டு. அமெரிக்கத் தேசிய மருத்துவ நூலகம் 1960 முதல் வெளியிட்டுவரும் மருத்துவப் பொருள் தலைப்புகளின் பட்டியல், அத்தொடரின் எழுத்துகளால் அமைந்த சுருக்கப்பெயராக ‘மெஷ்’ எனப்படுகிறது. இது ஒன்றே ஒலிபெயர்ப்பு ஐயமின்றிச் சரியாக அமையும் இடம். இதனை ‘வலைச் சொற்கள்’ என மொழிபெயர்ப்பது, பெயரைப் பொருளாகக் கொண்ட பிழையாகும்.

8. எதிர்வாதங்கள்

இப்பகுப்புக்கு இரு மறுப்புகள் எழக்கூடும். ஒரே மூலச்சொல்லுக்குப் பல நிகரன்கள் வழங்கினால் சொற்பட்டியல்களில் சீர்மை குலையும் என்பது முதல் மறுப்பு. சீர்மை வேண்டத்தக்கதே. ஆனால் சீர்மை என்பது ஒரு கருத்துக்கு ஒரு சொல் என்பதாகவேண்டும். ஒரு ஆங்கில எழுத்துக்கோவைக்கு ஒரு சொல் என்பதாகலாகாது. பற்சக்கரக் கவ்வலும் மீன்வலைக் கண்ணும் ஆங்கிலத்தில் ஒரே எழுத்துக்கூட்டைப் பெற்றிருப்பது அம்மொழியின் வரலாறு. அவ்வரலாற்றைச் சுமக்கும் கடமை தமிழ்க் கலைச்சொல்லுக்கு இல்லை.

‘கண்’ தானே பல்பொருட்சொல் என்பது இரண்டாம் மறுப்பு. இது வலிமையுடையது. பார்வையுறுப்பைக் குறிப்பதோடு ஏழாம் வேற்றுமையின் உருபாகவும் இச்சொல் நிற்கிறது; தொல்காப்பியம் அவ்வேற்றுமையைக் ‘கண்’ என்றே பெயரிடுகிறது. ‘வலைக்கண் பட்ட மீன்’ என்னும் தொடர் வலையில் அகப்பட்ட மீன் எனவும், வலையின் கண்ணில் அகப்பட்ட மீன் எனவும் இருபொருள்படும். எனினும் இன்றைய உரைநடையில் இவ்வுருபு அருகிவிட்டது. வருமிடத்தும் ‘வலையின்கண்’ எனச் சாரியையோடு வருவதே பெரும்பான்மை. ‘கண் அளவு’, ‘கண் எண்ணிக்கை’, ‘கண் வடிவம்’ எனத் தொடராக்கும்போது ஐயம் முற்றிலும் நீங்குகிறது. ஆகவே ‘கண்’ தனித்து நிற்கும் கலைச்சொல்லாகாமல் தொடரின் உறுப்பாகவே பட்டியல்களில் இடம்பெறவேண்டும்.

9. முடிவுரை

‘மெஷ்’ என்னும் சொல்லைக் கண்டவுடன் மொழிபெயர்ப்பாளர் கேட்கவேண்டிய வினாக்கள் மூன்று: இங்குக் கருதப்படுவது வெளியா, பின்னலா, பிணைப்பா? எண் இருப்பின் அது அகலமா, தொகையா? அகலமாயின் எவ்வாறு அளக்கப்பட்டது? முதல் வினாவுக்கு விடை வெளியெனின் ‘கண்’. பின்னலெனின் ‘வலை’, ‘கம்பிவலை’, ‘பின்னல்’. பிணைப்பெனின் ‘பல்லிணைவு’, ‘இயைவு’. ஏனைய இரு வினாக்களுக்கும் விடையை ஒற்றைச் சொல்லில் அடக்க இயலாது, விரித்தே எழுதவேண்டும்.

சொற்பட்டியல் தொகுப்போர் ஒவ்வொரு நிகரனையும் துறைக்குறிப்போடும் ஓர் எடுத்துக்காட்டுத் தொடரோடும் தருவது இதனால் இன்றியமையாததாகிறது. 1992இல் வெளிவந்த க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி எடுத்துக்காட்டுகளின் வழியே பொருளை வரையறுக்கும் முறையைப் பொதுச்சொற்களுக்குப் பின்பற்றியது. கலைச்சொற்களுக்கும் அம்முறை வேண்டும். எடுத்துக்காட்டில்லாத பட்டியலில் ‘வலை’ எனக் காணும் மொழிபெயர்ப்பாளர் அதனையே எழுதுவார்; அவர்மேல் குற்றமில்லை. கரையில் நின்று அவ்விதியைப் படிக்கும் மீனவருக்கு வேண்டுவது தம் வலையின் கண் எத்தனை மில்லிமீட்டர் இருக்கவேண்டும், அதனை எங்கிருந்து எதுவரை அளக்கவேண்டும் என்பதே. அதற்குரிய சொல் அவர் மொழியிலேயே இருக்கிறது.